தாயக்கட்டையிலிருந்து பெருக்கல் விதிக்கு: சார்பிலா நிகழ்ச்சிகளைத் தொடக்க வகுப்பில் கற்பித்தல்

தமிழ்நாட்டுப் பாடநூல்களில் நிகழ்தகவு ஒன்பதாம் வகுப்பில்தான் தனி இயலாக வருகிறது. ஒரு நிகழ்ச்சி நடந்தாலும் நடவாவிட்டாலும் மற்றொன்றின் வாய்ப்பு சற்றும் மாறாதிருக்குமானால் அவ்விரண்டையும் சார்பிலா நிகழ்ச்சிகள் என்று வரையறுத்து, அவை சேர்ந்து நடப்பதற்கான நிகழ்தகவைப் பெருக்கிக் காணும் விதியோ பதினோராம் வகுப்பு வரை காத்திருக்கிறது. விதி அங்கே வருவதில் தவறில்லை. ஆனால் விதிக்கு அடிப்படையான எண்ணிக்கை வேலையைப் பத்து வயதுக் குழந்தை செய்துவிட முடியும் என்பதும், அதை முன்கூட்டியே செய்து பழகாத மாணவர் பதினோராம் வகுப்பில் எங்கே பெருக்குவது, எங்கே கூட்டுவது என்று தெரியாமல் குறியீடுகளை மனப்பாடம் செய்துவிடுகிறார் என்பதும் கணக்காசிரியர் பலரும் அறிந்தவை. நான்காம், ஐந்தாம் வகுப்புகளில் தகவல் செயலாக்கம் என்ற தலைப்பின்கீழ் பட்டியலிடவும் வகை பிரிக்கவும் பழகும் குழந்தைகளை, பதினாறு கட்டங்கள் கொண்ட ஒரு சதுரத்தின் வழியாக இந்தக் கருத்துக்கு அழைத்துச் செல்லும் முறையே இந்த அதிகாரத்தின் பொருள். பழனியை அடுத்து மலையடிவாரத்தில் அமைந்த பாலசமுத்திரம் பேரூராட்சியையும் அதன் சுற்றுவட்டாரத்தையும் மனத்தில் கொண்டு எடுத்துக்காட்டுகள் தெரிவுசெய்யப்பட்டுள்ளன. வேறு ஊர் ஆசிரியர்கள் தத்தம் ஊருக்கேற்ப மாற்றிக்கொள்ளலாம்.

எந்த வயதில் தொடங்கலாம் என்பதில் கல்வி உளவியலாளர்களிடையே நெடுநாளாகவே கருத்து வேறுபாடு உண்டு. ழான் பியாஜேயும் பார்பல் இனெல்டரும் 1951இல் வெளியிட்ட ஆய்வு நூலில், ஏழு வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்குத் தற்செயல் என்பதையும் காரணத்தோடு நடப்பது என்பதையும் பிரித்தறிய இயலாது என்றும், எல்லா வகைகளையும் ஒழுங்காகப் பட்டியலிட்டு வாய்ப்பை அளக்கும் திறன் பதினொன்று, பன்னிரண்டு வயதை ஒட்டித்தான் முழுமையாக வருகிறது என்றும் கூறினர். எஃப்ரைம் ஃபிஷ்பைன் 1975இல் வெளியிட்ட நூலில், உரிய பயிற்சி கிடைத்தால் அதற்கு முன்னரே அந்த உள்ளுணர்வை வளர்க்க முடியும் என்று வாதிட்டார். தாயம் உருட்டி வளர்ந்த குழந்தைகளைப் பொறுத்தவரை ஃபிஷ்பைன் சொல்வதே பொருந்தும் என்று கொள்ளலாம். ஏனெனில் பன்னிரண்டு அடிக்கடி விழாது, மூன்று அடிக்கடி விழும் என்பது அவர்களுக்கு யாரும் சொல்லித்தராமலேயே தெரிந்திருக்கிறது, ஏன் என்பதுதான் தெரியாது.

தேவையான பொருள் ஓரிணை தாயக்கட்டை. விரல் நீளத்தில், நான்கு நீள் முகங்களோடு, பித்தளையில் வார்த்த இக்கட்டைகளின் ஒரு முகத்தில் ஒரு புள்ளி, அடுத்தவற்றில் இரண்டு, மூன்று, எஞ்சிய முகத்தில் ஒன்றுமில்லை. ஆறு முகப் பகடையைவிடத் தொடக்க வகுப்புக்கு இதுவே ஏற்றது. காரணம், கால், அரை, முக்கால் என்று குழந்தைக்கு முன்பே பழக்கமான பின்னங்களோடு நான்கு முகங்கள் நேராகப் பொருந்துகின்றன. இரண்டு கட்டைகளுக்குமான கட்டங்கள் பதினாறோடு முடிந்துவிடுகின்றன. ஆறு முகப் பகடையென்றால் முப்பத்தாறு கட்டங்கள் வரைவதற்குள் மணி அடித்துவிடும். நெடுநாள் ஆடித் தேய்ந்த கட்டைகளில் விளிம்பு மழுங்கி ஏதேனும் ஒரு முகம் மிகுதியாக விழக்கூடும் என்பதால், விளிம்பு கூராக உள்ள கட்டைகளைத் தேர்ந்துகொள்வது நல்லது. இரண்டையும் வேறுபடுத்திக் காட்ட ஒன்றின் முனையில் மட்டும் சிவப்பு நகப்பூச்சு ஒரு தொட்டு வைத்துவிட வேண்டும். இந்தச் சிறு அடையாளம் இல்லாவிட்டால் பின்னால் வரும் விளக்கம் முழுவதும் நழுவிப்போகும்.

சூதாட்டத்தைப் பள்ளிக்குள் கொண்டுவருவதா என்று பெற்றோர் சிலர் தயங்கக்கூடும். தாயம் பணயம் வைக்காமல் ஆடப்படும் வீட்டு விளையாட்டு என்பதையும், வைகுண்ட ஏகாதசி இரவில் கண் விழிப்பதற்காகப் பரமபதம் ஆடும் வீடுகளில் உருளுவதும் பெரும்பாலும் இதே கட்டைதான் என்பதையும் அவர்களிடம் எடுத்துச் சொன்னால் தயக்கம் நீங்கும். கீழடி அகழாய்வில் சுடுமண் ஆட்டக்காய்களும் பகடையும் கிடைத்திருப்பதையும், நான்கு முகங்கள் கொண்ட நீள்வடிவப் பகடைகள் சிந்துவெளி ஊர்களிலேயே கிடைத்திருப்பதையும் சமூக அறிவியல் பாடத்தோடு இணைத்துக் காட்ட விரும்பும் ஆசிரியருக்கு இது நல்ல வாயில்.

முதல் பாடவேளையில் ஒரு கட்டையோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். கட்டையை உருட்டுவதற்கு முன் என்ன விழும் என்று உறுதியாகச் சொல்ல முடியாது. ஆனால் என்னென்ன விழக்கூடும் என்று முழுமையாகச் சொல்லிவிட முடியும். இவ்விரு தன்மைகளும் கொண்ட செயலைச் சமவாய்ப்புச் சோதனை என்றும், விழக்கூடிய எல்லா விளைவுகளின் தொகுப்பைக் கூறுவெளி என்றும், அத்தொகுப்பிலிருந்து நாம் கவனிக்க விரும்பிப் பிரித்தெடுக்கும் விளைவுகளை நிகழ்ச்சி என்றும் நூல்கள் குறிக்கின்றன. கட்டையின் கூறுவெளியில் வெறுமை, ஒன்று, இரண்டு, மூன்று என நான்கு விளைவுகள் உள்ளன. நான்கும் சம அளவில் விழ வாய்ப்புள்ளவை என்று கொண்டால், ஒரு நிகழ்ச்சிக்குச் சாதகமான விளைவுகளின் எண்ணிக்கையை மொத்த விளைவுகளின் எண்ணிக்கையால் வகுத்துக் கிடைக்கும் பின்னமே அதன் நிகழ்தகவு. மூன்று விழுவது கால், ஒற்றைப்படை எண் விழுவது அரை, வெறுமையல்லாத முகம் விழுவது முக்கால். கலைச்சொற்களைக் குழந்தைகள் எழுதிப் பழக வேண்டியதில்லை. ஆசிரியர் இயல்பாகப் பயன்படுத்தினால் அவை காதில் ஏறிவிடும்.

இரண்டாம் பாடவேளையிலிருந்துதான் உண்மையான வேலை தொடங்குகிறது. வகுப்பறைத் தரையிலோ வராந்தாவிலோ சுண்ணக்கட்டியால் பக்கத்துக்கு நான்கு கட்டங்கள் கொண்ட பெரிய சதுரம் ஒன்றை வரைந்து, இடப்பக்கம் மேலிருந்து கீழாக வெறுமை, ஒன்று, இரண்டு, மூன்று என்று சிவப்பு முனைக் கட்டைக்கும், மேற்புறம் இடமிருந்து வலமாக அதே வரிசையில் மற்றொரு கட்டைக்கும் எழுத வேண்டும். குழந்தைகளுள் ஒருவர் உருட்ட, மற்றொருவர் இரு கட்டைகளும் காட்டும் வரிசையும் நிரலும் சந்திக்கும் கட்டத்தில் போய் நிற்பார். பத்துப் பன்னிரண்டு முறை உருட்டியதும், எப்படி விழுந்தாலும் நிற்பதற்கு ஒரு கட்டம் உண்டு, ஒரே ஒரு கட்டம்தான் உண்டு என்பது வகுப்புக்குத் தெளிவாகும். அதன் பிறகு ஒவ்வொரு கட்டத்திலும் ஆட்ட மதிப்பை எழுதச் சொல்ல வேண்டும். ஆட்டவிதி ஊருக்கு ஊர் சற்று மாறினாலும், இரண்டும் வெறுமையாக விழுந்தால் பன்னிரண்டு என்றும், மற்றபடி புள்ளிகளின் கூட்டுத்தொகை என்றும் கொள்ளும் வழக்கமே பரவலானது. அவ்வாறு எழுதினால் முதல் வரிசையில் 12, 1, 2, 3 என்றும், இரண்டாம் வரிசையில் 1, 2, 3, 4 என்றும், மூன்றாவதில் 2, 3, 4, 5 என்றும், நான்காவதில் 3, 4, 5, 6 என்றும் எண்கள் அமையும். ஒரே மதிப்புள்ள கட்டங்கள் மூலைவாட்டில் சாய்ந்து வரிசைகட்டி நிற்பதைக் குழந்தைகளே கண்டுபிடித்துச் சொல்வார்கள். அதை ஆசிரியர் முந்திக்கொண்டு சொல்லிவிடக் கூடாது.

இப்போது எண்ணினால், பன்னிரண்டுக்கு ஒரு கட்டம், தாயம் எனப்படும் ஒன்றுக்கு இரண்டு, இரண்டுக்கு மூன்று, மூன்றுக்கு நான்கு, நான்குக்கு மூன்று, ஐந்துக்கு இரண்டு, ஆறுக்கு ஒன்று, ஆகப் பதினாறு. தாயம் விழுந்தால்தான் காய் இறங்கும் என்ற விதியால் தொடக்கத்திலேயே திண்டாடும் ஆட்டக்காரரின் நிலை இதிலிருந்து விளங்கும்: பதினாறில் இரண்டு, அதாவது எட்டில் ஒரு பங்கு வாய்ப்பே அவருக்கு உண்டு. மறு உருட்டல் தரும் ஒன்று, ஐந்து, ஆறு, பன்னிரண்டு ஆகிய நான்கு மதிப்புகளுக்கும் சேர்த்து ஆறு கட்டங்கள், அதாவது எட்டில் மூன்று பங்கு.

இந்த இடத்தில் ஏறக்குறைய எல்லா வகுப்பிலும் எழும் மறுப்பு ஒன்றுண்டு. ஒன்றும் வெறுமையும் என்பது ஒரே விளைவுதானே, அதை ஏன் இருமுறை எண்ண வேண்டும் என்று கூர்மையான குழந்தைகள் கேட்பார்கள். கேட்கவில்லையென்றால் ஆசிரியரே கேட்டு வைக்க வேண்டிய வினா இது. சிவப்பு முனைக் கட்டை ஒன்றும் மற்றது வெறுமையும் காட்டுவது ஒரு கட்டம், சிவப்பு வெறுமையும் மற்றது ஒன்றும் காட்டுவது வேறு கட்டம். நகப்பூச்சு வைத்ததன் பயன் இங்கேதான் தெரிகிறது. நிறத்தைச் சுரண்டி எடுத்துவிட்டால் கட்டைகள் வேறுவிதமாக உருளப் போவதில்லை என்பதைக் குழந்தைகள் ஏற்றுக்கொண்டால் மறுப்பு தானாக விலகும். இதற்கு ஒத்த வழுக்கல் பெரிய அறிஞருக்கும் நேர்ந்திருக்கிறது. நாணயத்தை இருமுறைக்குள் சுண்டித் தலை விழவைப்பதற்கான வாய்ப்பு என்ன என்ற வினாவுக்கு, பிரெஞ்சுக் கணிதவியலாளர் தலம்பேர் 1754இல் கலைக்களஞ்சியக் கட்டுரையொன்றில் மூன்றில் இரண்டு என்று விடை கூறினார். முதற்சுண்டிலேயே தலை விழுந்தால் ஆட்டம் முடிந்துவிடும், இல்லையென்றால் இரண்டாவதில் தலை அல்லது பூ, ஆக மூன்றே வகைகள் என்பது அவர் வாதம். மூன்று வகைகள் என்பது சரி, மூன்றும் சம வாய்ப்புள்ளவை என்று கொண்டதுதான் பிழை. நான்கு கட்டங்கள் வரைந்து பார்த்தால் விடை முக்கால் என்று ஐந்தாம் வகுப்புக் குழந்தையும் சொல்லிவிடும்.

கட்டத்திலிருந்து பெருக்கலுக்குச் செல்லும் வழி மிகக் குறுகியது. சிவப்பு முனைக் கட்டை மூன்று காட்டும் நிகழ்ச்சிக்குரிய வரிசையில் மஞ்சள் பொடி தூவினால் சதுரத்தின் கால் பகுதி நிறம் பெறும். மற்றொரு கட்டை வெறுமை காட்டும் நிகழ்ச்சிக்குரிய நிரலில் கோலப்பொடி தூவினால், அந்த நிரல் மஞ்சள் வரிசையின் கால் பகுதியை வெட்டும். இரண்டு பொடியும் விழுந்த கட்டம் ஒன்றே. காலில் கால் பகுதி, அதாவது பதினாறில் ஒன்று. இரண்டு கட்டைகளும் ஒற்றைப்படை காட்டுவதற்கு இரண்டு வரிசைகளும் இரண்டு நிரல்களும் வெட்டிக்கொள்ளும் நான்கு கட்டங்கள், அரையில் அரை, அதாவது கால். பின்னங்களைப் பெருக்கும் பாடம் இன்னும் நடக்காத வகுப்பில் 'காலில் கால்', 'அரையில் முக்கால்' என்ற பேச்சு வடிவத்தோடு நிறுத்திக்கொள்ளலாம். பெருக்கல் குறி பின்னால் வரும்போது அதன் பொருள் ஏற்கெனவே கையில் இருக்கும். ஆபிரகாம் டி மாய்வர் 1718இல் வெளியிட்ட 'வாய்ப்புகளின் கோட்பாடு' என்ற நூலில் தெளிவாக எழுதிவைத்த விதி, அதாவது ஒன்றையொன்று சாராத நிகழ்ச்சிகள் சேர்ந்து நடப்பதற்கான நிகழ்தகவு தனித்தனி நிகழ்தகவுகளின் பெருக்கற்பலன் என்பது, கோலப்பொடியில் காணும் இந்தப் பரப்பே.

பெருக்கலைக் கற்ற உடனே வரும் பிழை, கூட்ட வேண்டாத இடத்தில் கூட்டுவது. குறைந்தது ஒரு கட்டையாவது வெறுமை காட்டும் வாய்ப்பு என்ன என்று கேட்டால், காலும் காலும் சேர்ந்து அரை என்று பெரும்பாலோர் விடை தருவர். எண்ணிப் பார்த்தால் எட்டுக் கட்டங்கள் இல்லை, ஏழுதான் உள்ளன. முதல் வரிசையும் முதல் நிரலும் சந்திக்கும் மூலைக் கட்டம் இருமுறை எண்ணப்பட்டுவிட்டது. இதற்கு எளிய மாற்றுவழி, வெறுமையே விழாத கட்டங்களை எண்ணுவது. முக்காலில் முக்கால், பதினாறில் ஒன்பது, மீதம் ஏழு. ஒரு நிகழ்ச்சி நடவாமற்போவதை நிரப்பு நிகழ்ச்சி என்பர். 'குறைந்தது ஒன்று' என்ற சொற்றொடர் வரும் கணக்குகளில் எல்லாம் நிரப்பு நிகழ்ச்சியின் பக்கமிருந்து நுழைவதே சிக்கனமானது.

கணக்கிட்டதைச் சோதித்துப் பார்க்காமல் இந்தப் பாடத்தை முடிக்கக் கூடாது. இருபது குழந்தைகள் உள்ள வகுப்பை இணையிணையாகப் பிரித்து, ஒவ்வோரிணையும் பதினாறு முறை உருட்டி மதிப்புகளைக் கோடிட்டுக் குறிக்கச் சொன்னால் மொத்தம் 160 உருட்டல்கள் கிடைக்கும். இவ்வாறு உண்மையில் நடந்ததை எண்ணிப் பெறும் பின்னத்தைப் பட்டறி நிகழ்தகவு என்பர். கணக்குப்படி ஒவ்வோரிணைக்கும் இரண்டு தாயம் விழ வேண்டும் என்று எதிர்பார்க்கும் குழந்தைக்கு முதல் அதிர்ச்சி இங்கே காத்திருக்கிறது: பதினாறு முறையும் தாயமே விழாமற்போவதற்கான வாய்ப்பு எட்டில் ஒரு பங்குக்குச் சற்றே குறைவு என்பதால், பத்து இணைகளில் ஓரிணை வெறுங்கையோடு வருவது வழக்கமானதே. வகுப்பு முழுவதையும் சேர்த்தால் இருபது தாயம் எதிர்பார்க்கலாம் எனினும், பன்னிரண்டு முதல் இருபத்தெட்டு வரை எது வந்தாலும் கட்டையின்மீது ஐயம் கொள்ள வேண்டியதில்லை. ஐந்தோ ஐம்பதோ வந்தால், உருட்டிய விதத்தையோ எண்ணிய விதத்தையோ சரிபார்க்கலாம். எதிர்பார்த்த எண் அப்படியே வர வேண்டும் என்று ஆசிரியர் முடிவுகளைத் திருத்துவது இப்பாடத்துக்குச் செய்யும் மிகப் பெரிய கேடு.

தொடர்ந்து பத்து முறை தாயம் விழாத ஆட்டக்காரர், அடுத்த முறை விழுந்தே தீரும் என்று உறுதியாக நம்புவார். பத்து முறையும் விழாமற்போவதற்கான வாய்ப்பு காலைவிடச் சற்று அதிகம் என்பதால் அவருக்கு நேர்ந்தது அரிய அநியாயம் ஒன்றுமில்லை. பதினோராம் உருட்டலில் தாயம் விழும் வாய்ப்போ முன்பிருந்த அதே எட்டில் ஒன்று. பித்தளைக்கு நினைவு கிடையாது. 1913 ஆகஸ்ட் 18 அன்று மான்டே கார்லோ சூதாட்ட விடுதியில் சுழல்வட்டு ஆட்டத்தில் பந்து தொடர்ந்து 26 முறை கறுப்பிலேயே விழ, இனி சிவப்புதான் என்று ஒவ்வொரு முறையும் பணத்தைக் குவித்தவர்கள் பெருந்தொகையை இழந்தனர். சார்பின்மை என்ற கருத்தைக் கணக்கில் சரியாகப் பயன்படுத்தும் மாணவரே விளையாட்டில் இந்த நம்பிக்கையை விடாமல் வைத்திருப்பது உண்டு. எனவே உருட்டல்களைக் குறித்த தாளை மீண்டும் எடுத்து, தாயம் விழாத மூன்று உருட்டல்களுக்கு அடுத்து வந்தவற்றை மட்டும் வட்டமிட்டு, அவற்றில் எத்தனை தாயம் என்று எண்ணச் சொல்வது சொற்பொழிவைவிடப் பயன் தரும்.

அடுத்து, நான்கு முகங்களும் சம வாய்ப்புள்ளவை என்ற துணையை விலக்கிப் பார்க்க வேண்டும். கட்டை இல்லாத வீடுகளில் புளியங்கொட்டையை ஒரு பக்கம் கல்லில் தேய்த்து வெள்ளை தெரியச் செய்து தாயம் ஆடுவதுண்டு. தேய்த்த பக்கம் தட்டையாகவும் தேய்க்காத பக்கம் குவிந்தும் இருப்பதால் வெள்ளை மேலாக விழுவது சரிபாதி என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது. நூறு முறை போட்டு எண்ணித்தான் அறிய முடியும், கொட்டைக்குக் கொட்டை அது மாறவும் செய்யும். ஒரு கொட்டை நூற்றுக்கு நாற்பது முறை வெள்ளை காட்டியது என்று எடுத்துக்காட்டாகக் கொள்வோம். அதே அளவு தேய்த்த மற்றொரு கொட்டையும் அவ்வாறே நடந்துகொள்ளுமானால், பக்கத்துக்குப் பத்துக் கட்டங்கள் கொண்ட சதுரத்தில் நான்கு வரிசைகளும் நான்கு நிரல்களும் வெட்டிக்கொள்ளும் இடம் பதினாறு கட்டங்கள். இரண்டும் வெள்ளை காட்டுவது நூற்றுக்குப் பதினாறு. சம வாய்ப்பு இல்லாவிட்டாலும் பெருக்கல் விதி அசையவில்லை. சம வாய்ப்பு வேறு, சார்பின்மை வேறு என்ற இந்தப் பிரிவினையைக் கட்டையும் நாணயமும் மட்டுமே பார்த்த மாணவர் தவறவிடுவது இயல்பு. புளியங்கொட்டை அந்தக் குறையைச் செலவில்லாமல் தீர்த்துவைக்கிறது.

இதுவரை வந்தவற்றில் பெருக்குவது எளிது, பெருக்கலாமா என்று முடிவு செய்வதுதான் கடினம் என்பதற்கு இடமே வரவில்லை. அதற்கு மஞ்சப்பையும் கோலிக்குண்டுகளும் போதும். பையில் மூன்று பச்சை, இரண்டு நீலம் என ஐந்து குண்டுகள். பார்க்காமல் ஒன்றை எடுத்து, நிறத்தைக் குறித்துக்கொண்டு, திரும்பப் போட்டுக் குலுக்கி மீண்டும் எடுத்தால் இரண்டும் பச்சையாக இருப்பது ஐந்தில் மூன்றில் ஐந்தில் மூன்று, அதாவது இருபத்தைந்தில் ஒன்பது. எடுத்ததைத் திரும்பப் போடாவிட்டால், முதல் குண்டு பச்சையாக வந்தபின் பையில் மீந்திருப்பது நான்கு குண்டுகள், அவற்றில் பச்சை இரண்டே. வாய்ப்பு ஐந்தில் மூன்றில் பாதி, பத்தில் மூன்று. முன்னது இருபத்தைந்தில் ஒன்பது, அதாவது நூற்றுக்கு முப்பத்தாறு. பின்னது நூற்றுக்கு முப்பது. முதல் எடுப்பின் முடிவு இரண்டாவதன் பையையே மாற்றிவிட்டது. இத்தகையவை சார்பு நிகழ்ச்சிகள். ஒரே கட்டையில் ஒரே உருட்டலில் ஒன்றும் மூன்றும் விழுவதைச் சார்பிலா நிகழ்ச்சிகள் என்று சொல்லும் குழந்தைகளும் இருப்பர். ஒன்று விழுந்துவிட்டால் மூன்று விழவே முடியாது என்னும்போது, ஒன்றின் நடப்பு மற்றதன் வாய்ப்பைக் காலிலிருந்து சுழியத்துக்கு இறக்கிவிடுகிறது. இதைவிட இறுக்கமான சார்பு இருக்க முடியாது.

பைக்கு வெளியே உள்ள உலகில் சார்பு இவ்வளவு வெளிப்படையாகத் தெரிவதில்லை. பாலசமுத்திரத்துக்கு அருகில் பாலாறு-பொருந்தலாறு அணை இருக்கிறது. பழனியிலிருந்து கொடைக்கானல் செல்லும் சாலையில் வரதமாநதி அணை இருக்கிறது. ஓர் அணை மற்றதற்குத் தண்ணீர் தருவதில்லை, எனவே ஒன்றின் நீர்மட்டம் உயர்வதும் மற்றதன் நீர்மட்டம் உயர்வதும் தொடர்பற்றவை என்று தோன்றும். ஆனால் இரண்டுக்கும் நீர் வருவது ஒரே மலைத்தொடரில் பெய்யும் மழையிலிருந்து. கொடைக்கானல் மலைச் சரிவில் மழை இறங்கினால் இரண்டு அணைகளுக்கும் நீர்வரத்து கூடுவதே வழக்கம். வடகிழக்குப் பருவமழைக் காலத்தில் முப்பது நாள்களில் ஓர் அணை பத்து நாள்களிலும் மற்றது ஒன்பது நாள்களிலும் உயர்ந்தது என்று விளக்கத்துக்காக வைத்துக்கொண்டால், பெருக்கல் விதி மூன்றில் ஒன்றில் பத்தில் மூன்று, அதாவது பத்தில் ஒன்று என்று சொல்லும். முப்பது நாள்களுக்கு மூன்றே நாள்கள் இரண்டும் சேர்ந்து உயர வேண்டும். நாளிதழில் வெளியாகும் நீர்மட்ட விவரங்களைக் குழந்தைகள் ஒரு மாதம் சேகரித்துச் சுவரில் இரு வரிசைகளாகக் குறித்தால், சேர்ந்து உயர்ந்த நாள்கள் பெருக்கல் சொல்வதைவிட மிகுதியாக வருவதைத் தாங்களே காணலாம். ஒன்று மற்றொன்றைத் தொடாவிட்டாலும் இரண்டையும் தொடும் மூன்றாவது ஒன்று இருக்கலாம் என்பது இதனால் பிடிபடும். தைப்பூச நாளில் பழனி அடிவாரத்தில் கூட்டம் நெரிவதும் பாலசமுத்திரம் பேருந்தில் இடம் கிடைக்காமற்போவதும் இதே வகை. தாயக்கட்டையில் மூன்று விழுவதும் அன்று மாலை மலையில் மழை பெய்வதும் மட்டுமே தயக்கமின்றிப் பெருக்கத் தக்கவை.

மதிப்பீட்டுக்கு நீண்ட வினாத்தாள் தேவையில்லை. இரண்டு கட்டைகளும் ஒரே எண்ணிக்கைப் புள்ளி காட்டும் வாய்ப்பு என்ன என்பது முதல் வினா. நான்கு கட்டங்கள் மூலைவிட்டத்தில் கிடைப்பதால் விடை கால். பதினாறில் ஒன்று என்று எழுதிய குழந்தை குறிப்பிட்ட ஓரிணையை மட்டும் எண்ணியிருக்கிறது, கட்டத்துக்குத் திரும்ப அனுப்பினால் தானே திருத்திக்கொள்ளும். மறு உருட்டல் தொடர்ந்து மூன்று முறை கிடைக்கும் வாய்ப்பு என்ன என்பது இரண்டாவது; எட்டில் மூன்றை மும்முறை பெருக்கினால் 512இல் 27, ஏறத்தாழப் பத்தொன்பதில் ஒன்று. பின்னப் பெருக்கல் வராத வகுப்பில் இவ்வினாவைத் தவிர்த்துவிடலாம். மூன்றாவது வினா கணக்கே கேட்காமல் மூன்று இணை நிகழ்ச்சிகளைத் தந்து, எவற்றைப் பெருக்கலாம், எவற்றைப் பெருக்கக் கூடாது, ஏன் என்று ஒரு வாக்கியத்தில் எழுதச் சொல்ல வேண்டும். மதிப்பெண்ணில் பாதி இதற்கே ஒதுக்கத் தக்கது. பெருக்கக் கூடாது என்று மட்டும் எழுதி நிறுத்திய விடைக்குப் பாதி மதிப்பெண்ணும், எது எதை எப்படி மாற்றுகிறது என்று எழுதிய விடைக்கு, சொல்லமைப்பு எப்படியிருந்தாலும், முழு மதிப்பெண்ணும் வழங்கலாம்.